குடிக்காத அன்று கடித்த கட்டுவிரியன்

நல்ல பாம்புக்கு நம் ஊரில் கிடைக்கிற மரியாதையில் கால்வாசிகூட கட்டுவிரியனுக்குக் கிடையாது. நல்ல பாம்புக்குப் புற்று உண்டு, பால் உண்டு, முட்டை உண்டு, சினிமாவில் வேஷம்கூட உண்டு. கட்டுவிரியன் பாவம், அதற்குப் படமெடுக்கத் தெரியாது. ராத்திரியில் எலியும் பல்லியும் தேடி வீட்டுக்குள் வரும், தரையில் படுத்திருப்பவனின் பாய்க்குள் நுழையும், அவன் புரண்டு படுத்தால் கடித்துவைக்கும். எறும்பு கடித்தால் எழுந்து உட்காருகிற மனுஷனுக்கு இது கடித்தால் பெரும்பாலும் தூக்கம்கூடக் கலையாது. இதையெல்லாம் நான் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை, கடிபட்டுத் தெரிந்துகொண்டேன்.

தொண்ணூறுகளின் கடைசி. அண்ணன் மகளுக்குக் கல்யாணம். சின்னாளப்பட்டிக்குப் பக்கத்தில் தோட்டத்தை ஒட்டிய வீடு அண்ணனுடையது. தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். பள்ளிக்கூடத்திலிருந்துதான் ஓய்வு பெற்றார், மற்றவர்களைத் திருத்துவதிலிருந்து அல்ல. நான் அவருக்கு ஒரே தம்பி, ஊரறிந்த குடிகாரன். மறைக்க என்ன இருக்கிறது, குடித்தேன். ஆனால் அந்த வருஷம் தவக்காலத்தில் நிறுத்தினேன். ஈஸ்டர் அன்று ஊரே கறிக்கடை வாசலில் முண்டியடித்தபோதும் நான் பிராந்திக் கடைப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. யாரும் நம்பவில்லை. குடிக்கிறவனை மோப்பம் பிடிக்கலாம், குடியை விட்டவனை எதை வைத்துக் கண்டுபிடிப்பது? என் மனைவி மட்டும் நம்புகிறேன் என்றும் சொல்லவில்லை, நம்பவில்லை என்றும் சொல்லவில்லை.

கல்யாணத்துக்கு முந்தின நாள் வீடு நிறைய ஜனம், மே மாத வெக்கை. கட்டிலெல்லாம் பெரிய மனுஷர்களுக்குப் போனது. அரிசி மூட்டையும் விறகும் கிடந்த பின்பக்கத் தாழ்வாரத்தில் நான் பாயை விரித்தேன். அரிசிக்கு எலி வரும், எலிக்கு அது வரும் என்று யாருக்குத் தோன்றுகிறது?

விடியும்போது வயிற்றை முறுக்கிப் பிடித்தது. சமையல்காரனின் சாம்பார்தான் என்று நினைத்து அவனை மனதுக்குள் திட்டினேன். எழுந்து உட்கார்ந்தால் இமையைத் தூக்க முடியவில்லை. மதினியைக் கூப்பிட்டேன், வாயிலிருந்து வந்த சத்தம் எனக்கே விளங்கவில்லை. மதினிக்கு உடனே விளங்கிவிட்டது. நேரே அண்ணனைக் கூட்டி வந்தார்.

குழறுகிற நாக்கு, சொருகுகிற கண், சுவரைப் பிடித்தும் நிற்காத கால். இதற்கு மேல் ஒரு தலைமையாசிரியருக்கு என்ன சாட்சி வேண்டும்? ஊதச் சொன்னார். ஊதத்தான் பார்த்தேன், மூச்சு நெஞ்சைத் தாண்டி வரவில்லை.

"பாத்தியா, ஊத மாட்டேங்கிறான்" என்றார் மதினியிடம்.

தீர்ப்பு எழுதியாகிவிட்டது. மாப்பிள்ளை வீட்டார் கண்ணில் பட்டால் மானம் போய்விடுமென்று நாலு பேர் என்னைத் தூக்கி உர மூட்டை வைக்கிற அறையில் கிடத்தினார்கள். வெளியே கொக்கி போட்டார்கள்.

கட்டுவிரியன் விஷம் கை, கால், இமை, நாக்கு எல்லாவற்றையும் கட்டிப்போடும். காதை மட்டும் விட்டுவைக்கும். கொக்கிக்கு அந்தப் பக்கம் நடந்த விசாரணை ஒரு சொல் விடாமல் எனக்குக் கேட்டது. என்னோடு வருஷக்கணக்காகச் சேர்ந்து குடித்த மச்சான் ஒருவர் குடும்ப கௌரவத்தைப் பற்றி உருகி உருகிப் பேசினார். அண்ணன் கதவோரம் வந்து எனக்கென்றே தனியாக ஒரு பாடம் நடத்தினார். எதிர்த்துப் பேசாமல் கிடந்ததைத் திருந்துகிற அறிகுறி என்று எடுத்துக்கொண்டாரோ என்னவோ, போகப்போகக் குரல் தணிந்தது. நான் உள்ளே செத்துக்கொண்டிருந்தேன். என் எச்சிலையே என்னால் விழுங்க முடியவில்லை. அப்படி ஒரு பயத்தை அதற்கு முன்னும் பின்னும் நான் பட்டதில்லை.

போதை தெளியட்டும் என்று மோரோடு என் மனைவியை அனுப்பினார்கள். தலையைத் தூக்கிப் பிடித்து ஊற்றினாள். மோர் இரண்டு கடைவாயிலும் வழிந்தது. அவள் மூக்கு என் வாய்க்குப் பக்கத்தில் வந்தது. என் இமையை விரலால் தூக்கிப் பார்த்தாள். பிறகு கதவோரம் நின்ற அண்ணனிடம் சொன்னாள்:

"மாமா, இது குடி இல்ல. குடிச்சா இவரு கண்ணு செவக்கும், சொருகாது. வாய் ஓயாது. நான் பாக்காத குடியா?"

என்னால் அவள் பட்ட பாடெல்லாம் அன்றைக்குத்தான் எனக்கு உதவியது.

ராத்திரி ஏதாவது கடித்திருக்குமோ என்று அவள் ஓடிப் போய்ப் பாயை உதறியிருக்கிறாள். கறுத்த உடம்பில் வெள்ளைக் கட்டுகளோடு அது தலையை உடம்புக்கடியில் மறைத்துக்கொண்டு சுருண்டு கிடந்ததாம். பகலில் அது அப்படித்தான், யார் வம்புக்கும் போகாது. அசையாததைப் பார்த்துவிட்டு, இது ஒன்றும் செய்யாத பாம்பு என்று மச்சான் சான்றிதழ் கொடுத்தார். உடம்பில் கடித்த தடமே இல்லையே என்றார் இன்னொருவர். வாசலில் பூ ஜோடித்து நின்ற கல்யாணக் காரைத் தவிர வேறு வண்டி இல்லை. சகுனம் பார்ப்பது பாவம் என்று ஞாயிறுதோறும் மறைக்கல்வி வகுப்பில் சொல்லிக்கொடுக்கிற அத்தை, பொண்ணு ஏறப்போகிற காரில் இப்படி ஒரு ஆளை ஏற்றலாமா என்று கேட்டார். அண்ணன் எல்லோரையும் விலக்கிக்கொண்டு உள்ளே வந்தார். பட்டு வேட்டியோடு என்னை அள்ளிக்கொண்டு போய்க் காரில் போட்டார்.

திண்டுக்கல்லில் ஊசி போட்டு, தொண்டைக்குள் குழாய் இறக்கி, அதன் நுனியில் ஒரு ரப்பர் பை மாட்டினார்கள். மூச்சு மெஷினுக்கு மதுரைக்குப் போக வேண்டும். அதுவரை அந்தப் பையைக் கையால் அமுக்கிக்கொண்டே இருந்தால்தான் எனக்கு மூச்சு. ஆம்புலன்ஸில் முதலில் நர்ஸ் அமுக்கினார். கை மாற்ற அண்ணன் வாங்கினார், வாங்கியவர் மதுரை வரைக்கும் திருப்பித் தரவில்லை. அந்நேரம் கோயிலில் அவர் நிற்க வேண்டிய இடத்தில் பெண்ணின் தாய்மாமன் நின்றுகொண்டிருந்தார். என் இமை மூடியே இருந்ததால் எனக்குச் சுயநினைவில்லை என்று அண்ணன் நினைத்திருக்க வேண்டும். அழுதார். பள்ளிக்கூடத்துக் குரல் எங்கே போயிற்றோ.

"ஏலே, எந்திரிச்சிருடா. எந்திரிச்சு எம்புட்டு வேணாலும் குடி. நான் ஒரு வார்த்த கேக்க மாட்டேன்."

எந்திரித்துவிட்டேன். கண்ணைத் திறந்து பேசத் தொடங்கியதும் சொந்தபந்தமெல்லாம் ஹார்லிக்ஸும் பிரெட்டுமாக வந்து சேர்ந்தது. பாம்பாக இருக்கும் என்று தனக்கு முதலிலேயே தோன்றியதாக ஒவ்வொருவரும் சொன்னார்கள். மச்சான்தான் பாம்பின் பெயரையே சொன்னாராம். கேட்டதை அப்படியே ஒப்பித்து எல்லோரையும் ஒரு பிடி பிடிக்க வேண்டும் என்று வாய் துறுதுறுத்தது.

எல்லோரும் போன பிறகு அண்ணன் கட்டிலோரம் உட்கார்ந்து சாத்துக்குடி உரித்தார். விரலெல்லாம் வீங்கியிருந்ததால் தோல் சரியாக வரவில்லை. என் முகத்தைப் பார்க்காமல், ஆம்புலன்ஸில் வந்தபோது ஏதாவது காதில் விழுந்ததா என்று கேட்டார்.

"ஒண்ணும் விழலண்ணே. மயக்கத்துல கெடந்தேன்."

அண்ணனுக்கு அப்பாடா என்று இருந்தது, தோள் இறங்கியதிலேயே தெரிந்தது. ஒரு சுளையை என் கையில் வைத்தார்.

"அப்பச் சரி. இனிமேலயாச்சும் குடிய விட்டுரு."

"சரிண்ணே" என்றேன்.