சீல் வைக்கப் போன இடத்துல

போன வருஷம், தீபாவளிக்குக் கொஞ்சம் முன்னாடி, ஆம்பூர்ல நடந்தது இது. நான் சென்னை ஹைகோர்ட்ல வக்கீல். ஒரு கம்பெனியோட பேரையும் முத்திரையையும் இன்னொருத்தர் திருடிப் போட்டு சரக்கு வித்தா, கேஸ் போட்டுத் தடுக்கறதுதான் என் வேலை. சொந்த ஊர் குடியாத்தம், ஆம்பூர் மாதிரியே தோல் வேலை நடக்கற பக்கம்ங்கறதால செருப்பு, ஷூ கேஸ்னா என்கிட்டதான் வரும்.

எங்க முத்திரையைப் போட்டு ஆம்பூர்ல யாரோ போலி ஷூ தைக்கறாங்கன்னு ஒரு பெரிய கம்பெனிக்காரங்க வந்தாங்க. கோர்ட்ல உத்தரவு வாங்கினேன். கோர்ட் நியமிச்ச கமிஷனர், ரெண்டு போலீஸ், கம்பெனி மேனேஜர், நான், எல்லாரும் காலையிலேயே போய் இறங்கினோம். பெரிய ஃபேக்டரின்னு நினைச்சுப் போனா, தகரம் போட்ட ஒரு ஷெட். தையல் மெஷின்ல பத்துப் பன்னெண்டு பொம்பளைங்க. ஒவ்வொரு மெஷின் பக்கத்துலயும் கம்பெனி முத்திரை குத்தின தோல் குவிஞ்சு கிடந்துச்சு. மாட்டிக்கிட்டாங்கடான்னு எனக்கு ஒரே குஷி.

ஷெட்டை நடத்துறது ஒரு அக்கா. போலீஸைப் பார்த்ததும் எல்லா மெஷினையும் நிறுத்தச் சொல்லிட்டு ஓடி வந்தாங்க. வெட்டின தோல் வரும், தைச்சுக் குடுப்போம், யார் குடுக்கற வேலைன்னு ஏஜெண்டு சொல்ல மாட்டாருன்னாங்க. ஏஜெண்டு போனை எடுக்கல. இந்தக் கதையை நான் எத்தனை இடத்துல கேட்டிருக்கேன்! நம்பல. கமிஷனர் சீல் வைக்க அரக்கை எடுத்துக்கிட்டு, தைச்ச சரக்கு இருந்த பின்பக்க ரூமுக்குப் போனாரு.

"சீல் வெச்சுட்டீங்கன்னா இந்த ஊர்ல எனக்கு யாரும் ஒரு ஜோடி கூட தர மாட்டாங்க மேடம்."

அது நிஜம்தான். பேரு கெட்டா அங்க வேலை வராது.

அந்த நேரம் பார்த்து வாசல்ல ஒரு வேன் வந்து நின்னுச்சு. சரக்கு ரெடியான்னு கேட்டுக்கிட்டே டிரைவர் உள்ள வந்தாரு. எங்க மேனேஜரைப் பார்த்ததும் ஒரு சல்யூட்.

"வணக்கம் சார். இன்னா சார், லோடு எடுக்க நீங்களே வந்துட்டீங்க?"

மேனேஜர் முகத்துல ஈயாடல.

விசாரிச்சா, டிரைவர் இந்தச் சரக்கைக் கொண்டு போறதே கம்பெனி ஃபேக்டரிக்குத்தான். ஆர்டர் ஜாஸ்தியானதால அந்த ஃபேக்டரியே தைக்கற வேலையை ஏஜெண்டுக்குக் குடுத்திருக்கு, ஏஜெண்டு இந்த அக்காவுக்குக் குடுத்திருக்காரு. இந்தப் பக்கம் அதான் வழக்கம், வேலை கைமாறிக் கைமாறி எங்கேயோ போய்ச் சேரும். சென்னை ஆபீஸுக்கு ஒண்ணும் தெரியல. அவங்க சரக்குக்கே நாங்க சீல் வைக்கப் போயிருக்கோம்!

மேனேஜர் என்னைத் தனியா கூப்பிட்டாரு. வெறுங்கையோட போனா ஹெட் ஆபீஸ்ல மானம் போய்டும், டிரைவரை அனுப்பிடறேன், இப்போதைக்கு சீல் வெச்சுடலாம், கேஸை அப்புறம் வாபஸ் வாங்கிக்கலாம்னாரு. எனக்கு வந்துச்சே கோபம்!

"கமிஷனர்கிட்ட நான் சொல்லத்தான் போறேன் சார். வேற வக்கீல் வெச்சுக்கணும்னா வெச்சுக்குங்க."

நேரா பின்பக்கம் போய்ச் சொன்னேன். கமிஷனர் வந்து டிரைவர் சொன்னதை எழுதிக்கிட்டு, அரக்கைப் பைக்குள்ள போட்டுட்டாரு.

அந்த அக்கா முந்தானையால முகத்தைத் துடைச்சுக்கிட்டு முதல்ல டிரைவரைத்தான் பிடிச்சாங்க. தினமும் லேட்டா வர்ற ஆளு, இன்னிக்குப் பார்த்து நேரத்துக்கு வந்தியே, பொழைச்சேன் போன்னாங்க. எல்லாரும் சிரிச்சுட்டோம். மேனேஜருக்கும் சேர்த்து டீ வந்துச்சு.

கம்பெனி கேஸை வாபஸ் வாங்கிடுச்சு. அடுத்த கேஸை வேற வக்கீலுக்குக் குடுத்துடுச்சு. போகட்டும். இப்பல்லாம் யார் போலி சரக்குன்னு வந்தாலும், உங்க வேலையை வெளியில யார் யாருக்குத் தைக்கக் குடுக்கறீங்கன்னுதான் முதல்ல கேக்கறேன். ஜெயிச்ச கேஸ் எவ்வளவோ இருக்கு. ஆனா வக்கீலா ஆனதுல எனக்குச் சந்தோஷம்தானான்னு எப்பவாவது தோணினா, அன்னிக்கு நான் படியிறங்கும்போது பின்னாடி ஒவ்வொண்ணா மெஷின் ஓட ஆரம்பிச்ச சத்தத்தைத்தான் நினைச்சுப்பேன்.