சுஹர்மி அக்காவுக்கு அழத் தெரியவில்லை

கிளாத்தென் பேருந்து நிலையத்துக்கு எதிரே சுஹர்மி அக்காவின் கடை. அவித்த கீரைமேல் நிலக்கடலைச் சாறு ஊற்றிச் சோற்றோடு தருவாள். பக்கத்துக் கடையில் நான் பலகாரம் பொரிக்கிறேன். தன் கணவர் இறந்த செய்தியையே அக்கா என்னிடம் சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். எங்கள் ஜாவாவில் அப்படித்தான். நம் துக்கத்தைத் தூக்கி அடுத்தவர் தலையில் வைக்கக் கூடாது. பதறினாலும் வெட்கினாலும் முதலில் வருவது சிரிப்பு.

வீடியோ எடுத்துப் பிழைக்கும் ரெவாலுக்கு இது தெரியாமல் என்ன? அவன் அம்மாவும் ஜாவாக்காரிதான்.

கிழிந்த சட்டையோடு பிச்சைக்காரன் வேஷத்தில் வந்தவன், அக்கா கடை முன்னால் பொத்தென்று விழுந்தான். அக்கா பதறிப்போய்ச் சிரித்தாள். அடுத்த நொடியே தண்ணீர் தெளித்து, தலையை மடியில் சாய்த்து, சோறு ஊட்டினாள். ஆனால் வீடியோவில் சிரிப்பு மட்டும்தான் இருந்தது. ‘மனிதநேயச் சோதனை: பசியில் விழுந்தவனைப் பார்த்துச் சிரிக்கும் கல்நெஞ்சுக்காரி’ என்று தலைப்பு. நாடே பார்த்துக் காறித் துப்பியது.

மகள் செப்திக்கு அப்போதுதான் நிச்சயம் முடிந்திருந்தது. மாப்பிள்ளையின் அம்மா சொல்லியனுப்பினாள்: "இந்த வீட்டுல சம்பந்தம் வெச்சா ஊர் என்ன பேசும்? அந்தப் பையனே வந்து உண்மையச் சொல்லட்டும், அப்புறம் பாப்போம்."

நான்தான் ரெவாலுக்கு எழுதி எழுதி வரவழைத்தேன். கேமராவோடு வந்தான்.

"நான் மன்னிப்புக் கேக்கறேம்மா. நீங்க அழுங்க. அழுதாத்தான் ஜனம் நம்பும்."

"உனக்குச் சோறு ஊட்டினாங்களே, அதப் போடேன்டா!" என்றேன்.

"அத அன்னைக்கே அழிச்சிட்டேன்க்கா. போன்ல இடம் பத்தல."

எண்ணெய்ச் சட்டியை அவன் தலையில் கவிழ்க்கலாம் போல் வந்தது.

செப்தி அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். "ஒரு சொட்டு போதும்மா. எனக்காக."

அக்கா முயன்றாள். உதடு துடித்தது. கேமரா முகத்துக்குக் கிட்டே வந்தது. அந்நியன் முன்னால் எப்படி அழுவாள்? வெட்கம் பிடுங்கித் தின்ன, சிரித்துவிட்டாள்.

"இதப் போட்டா இன்னும் கெட்டுப்போயிடும்," என்று ரெவால் கேமராவை மூடிக்கொண்டு கிளம்பினான். செப்தி அம்மாவின் கையை விட்டுவிட்டு உள்ளே போனாள்.

இரண்டு நாள் கழித்து, அக்கா கீரை அலசிக்கொண்டே சொன்னாள்: "மாப்பிள்ளை வீட்டுக்காரங்க காலையில வந்தாங்கடி. செப்தி விரல்லேர்ந்து மோதிரத்தக் கழட்டி வாங்கிட்டுப் போயிட்டாங்க."

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். ஓவென்று அழ வேண்டும் போலிருந்தது எனக்கு. ஆனால் பாழாய்ப்போன என் முகத்திலும் சிரிப்புதான் வந்தது.