என் செடிக்கடையில் இறங்கிய அழகிகள்

செடிக்கடை வைத்திருப்பவருக்குச் செடி வளர்ப்பது பாதி வேலை. அதன்மேல் உட்கார்ந்திருப்பது என்ன என்று வாங்க வந்தவருக்கு விளக்குவது மீதி வேலை. எங்கள் பழைய தங்கச் சுரங்க ஊரில், ஊரிகம் ஸ்டேஷனுக்குப் போகிற வழியில் என் கடை. கறிவேப்பிலையும் எலுமிச்சையும்தான் அதிகம் போகும். அவற்றின்மேல் மனிதர்களைவிட ஆசை வைத்திருக்கும் ஒரு கூட்டம் உண்டென்பது கடை திறந்த பிறகுதான் தெரிந்தது. மாடியில் ஒரே ஒரு கறிவேப்பிலைத் தொட்டி வைத்து அல்லாடுகிறவர்களே, என் வயிற்றெரிச்சல் உங்களுக்குப் புரியும்.

காக்கா எச்சம்

மைசூர் மைன்ஸ் சுரங்கக் குடியிருப்பிலிருந்து வந்த ஓர் அம்மா, எலுமிச்சைச் செடி ஒன்றைத் தூக்கிப் பார்த்து முகத்தைச் சுளித்தார். இலைமேல் மூன்று இடத்தில் எச்சம். பழுப்பு நிறம், நடுவில் வெள்ளைத் தீற்று, ஈரப் பளபளப்பு வேறு. "துடைச்சுத் தர்றேம்மா" என்று ஈரத்துணியைக் கொண்டுபோனேன்.

எச்சம் தலையைத் தூக்கியது! நான் போட்ட கூச்சலில் தெருவில் போன ஆட்டோ நின்றுவிட்டது. பறவைகள் கொத்தாமல் இருக்கத்தான் குட்டிப் புழுவுக்கு இந்த வேஷம் என்று பிறகு போனில் தேடிப் படித்தேன். அந்த அம்மா செடியை மெதுவாகக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "இன்னாம்மா இது, உன் கடையில எச்சம் கூட எழுந்து நடக்குது!"

கொம்பு

புழு வளர்ந்ததும் எச்ச வேஷத்தைக் களைந்து பச்சையாகிவிடும். முதுகில் இரண்டு பொய்க் கண்கள் வேறு. பார்த்தால் குட்டிப் பாம்பு மாதிரி இருக்கும். சுரங்கத்தில் வேலை பார்த்து பென்ஷன் வாங்குகிற சவரி மாமா, "இதுக்குப் போயா பயப்படறே?" என்று விரலால் லேசாகத் தட்டினார்.

தலைக்குப் பின்னாலிருந்து சிவப்பாக ஒரு கவட்டைக் கொம்பு படக்கென்று வெளியே நீண்டது. கூடவே அழுகிய எலுமிச்சை நாற்றம். மாமா இரண்டடி பின்னால் பாய்ந்து என் மண்மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டார். கொம்பு உள்ளே போன பிறகு சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுச் சொன்னார்: "முப்பது வருஷம் சுரங்கக் கேஜ் லிப்டுல ஏறிப் பாதாளத்துக்கு எறங்கினவன் நான், இத்தினியூண்டு புழுவுக்கு நவுந்தேன்னு வெளிய சொல்லிடாதம்மா."

நாற்பது செடி

கல்யாணத்துக்கு வருகிறவர்களுக்குக் கொடுக்க நாற்பது கறிவேப்பிலைச் செடி கேட்டிருந்தார்கள். இரண்டு நாள் இருக்கையில் பார்த்தால், ஆறு செடி மொட்டை. மற்றவற்றில் பரவலாகப் புழு. என்னோடு வேலை செய்கிற கமலா அக்கா மருந்து பாட்டிலை நீட்டினார். "அடிச்சா மத்தியானத்துக்குள்ள முடிஞ்சுடும்." வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். சமையலுக்குப் போகிற இலை. அதோடு, இவை அழகிகள் என்று பெயர் வாங்கிய பட்டாம்பூச்சிகளாகப் போகின்றன என்பதும் எனக்கு இப்போது தெரியும். பாட்டிலைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

இருவரும் ஒவ்வோர் இலையாகப் புரட்டிப் புழுக்களைப் பொறுக்கினோம். எல்லாம் கொம்பை நீட்டியதில் அன்று சோறு கூட எங்களுக்கு நாறியது. பொறுக்கியதைப் பக்கத்து வீட்டு வசந்தாவின் பெரிய கறிவேப்பிலை மரத்தில் கொண்டுபோய் விட்டோம். ஆறு செடி பங்காருபேட்டையில் வாங்கி வந்து நாற்பதை நிரப்பினேன். கல்யாணத்துக்கு எல்லாம் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்தன. வசந்தா மட்டும் வேலிக்கு மேல் எட்டிப் பார்த்துச் சொன்னாள்: "இருந்துட்டுப் போவட்டும், ஆனா என் ரசத்துல ஒண்ணு மிதந்துச்சுன்னா, குண்டானோட உன் வூட்டுக்குத்தான் வருவேன்."

ரயிலைத் தவறவிட்டவன்

மொட்டைச் செடி ஒன்றில் எங்கள் கண்ணுக்குத் தப்பிய ஒரு புழு, தண்டோடு தன் இடுப்பைப் பட்டு நூலால் கட்டிக்கொண்டு பச்சைக் கூடாகிவிட்டது. காலையில் பெங்களூர் ரயிலுக்கு ஓடுகிற கௌதமன், தினமும் அதற்கு முன்னால் ஒரு நிமிஷம் நிற்பான். "இன்னாக்கா, இன்னும் எழுந்திருக்கலயா?"

பத்தாம் நாளோ என்னவோ, கூடு கறுத்து உள்ளேயிருந்து சிவப்புப் புள்ளி தெரிந்தது. கௌதமன் வந்து குனிந்தான், கூடு பிளந்தது! நனைந்த துணி மாதிரிச் சுருங்கிய இறக்கையோடு ஒன்று தள்ளாடி வெளியே வந்து தொங்கியது. ரயில் ஊதியது. கௌதமன் இன்னும் கிட்டே குனிந்தான். இறக்கை கொஞ்சம் கொஞ்சமாக விரிந்தது. கறுப்பு, நடுவில் வெள்ளைத் திட்டு, ஓரத்தில் சிவப்புப் பிறைகள், பின்னிறக்கை இரண்டிலும் ஒவ்வொரு குட்டி வால்! "ரோசா அழகிக்கா!" என்று கத்தினான். இல்லை, அது கறிவேப்பிலையைத் தொடாது. ரோசா அழகியைத் தின்றால் விஷம் என்று பறவைகள் ஒதுங்கும். அதனால் கறிவேப்பிலை அழகிப் பெண் அதே உடையைப் போட்டுக்கொண்டு ஊரை ஏமாற்றுகிறாள். நான் சொல்லி முடிக்கும் முன் ரயில் போய்விட்டது. கௌதமன் கண்ணை எடுக்காமலே சொன்னான்: "ரயில் போனா போவட்டும்க்கா, மேனேஜர்கிட்ட இன்னா காரணம் சொல்றது, அதச் சொல்லுங்க!"

இப்போது ஓட்டை விழுந்த இலையுள்ள செடியாகப் பார்த்துக் கேட்டு வாங்க ஆட்கள் வருவதால், நான் நடத்துவது செடிக்கடையா பிரசவ வார்டா என்று எனக்கே தெரியவில்லை.