பீஸ் ரேட்டும் வீட்டு டியூவும்

முதல் நாள்

சிவகாசியில் ஆப்செட் பிரஸ் ஒன்றின் எஸ்டிமேட் மேஜையில் உட்கார்ந்த முதல் நாளே நான் ஒரு பார்ட்டியை விரட்டிவிட்டேன். வேண்டுமென்று செய்யவில்லை. கோவில்பட்டிப் பக்கமிருந்து ஒரு நகைக்கடைக்காரர் காலண்டர் ஆர்டர் கொடுக்க வந்திருந்தார். பி.காம். படித்த தெம்பில் பேப்பர், பிளேட், அச்சுக்கூலி, காலண்டர் தலையில் தகரம் அடிக்கும் கூலி, பேக்கிங், லாரி வாடகை என்று எல்லாவற்றையும் கூட்டி, மொத்தத் தொகைக்கு அடியில் இரண்டு கோடு போட்டு அவரிடம் நீட்டினேன். அவர் தாளைப் பார்த்தார். வாங்கிக் கொடுத்த காபியைக்கூடக் குடிக்காமல், வீட்டில் கேட்டுவிட்டு வருவதாகச் சொல்லி எழுந்து போய்விட்டார்.

எங்கள் முதலாளியை எல்லோரும் அண்ணாச்சி என்றுதான் கூப்பிடுவோம். கண்ணாடி அறைக்குள்ளிருந்து அவர் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்.

"ஏம்மா ஸ்டெல்லா, வந்த மனுசன்கிட்ட எடுத்த எடுப்புல மொத்தத்தச் சொல்லலாமா? பயந்துருவாகல்ல. பீஸ் எம்புட்டுன்னு மட்டும் சொல்லு. மொத்தத்த அவுகளே வீட்டுல போயி பெருக்கிக்கிடட்டும்."

"பெருக்கிப் பாத்தா அப்பவும் பயப்படுவாகளே அண்ணாச்சி?"

"பெருக்குனாத்தான?"

இருபது வருடத்துக்கு மேலாக அதே மேஜையில் இருக்கிறேன். அண்ணாச்சி சொன்னதில் பிழை இல்லை. பில்லில் மொத்தம் இருக்கும், நாங்கள் எதையும் மறைப்பதில்லை. ஆனால் பேரம் முழுக்க பீஸ் ரேட்டில்தான் நடக்கும். முப்பது பைசா குறைத்தால் பார்ட்டி சிரித்துக்கொண்டே அட்வான்ஸ் கொடுப்பார்.

துணிக்கடைக்காரர்

இந்த மேஜைக்குப் புதிதாக வருகிற பிள்ளைகளுக்காகத்தான் இதை எழுதுகிறேன். ஆடிப் பதினெட்டுக்குக் காலண்டர் மாதிரிகள் அடங்கிய புது ஆல்பம் வெளியாகும், அன்றிலிருந்து எங்களுக்கு சீசன். ஒரு சீசனில் அருப்புக்கோட்டைத் துணிக்கடைக்காரர் ஒருவர் ஆயிரம் காலண்டர் கேட்டு வந்தார். பீஸ் ரேட் கேட்டதும் முகம் சுளித்தார். அதற்கு எங்கள் தொழிலில் பழகிய வழி ஒன்று உண்டு. ஆயிரம் அடித்தாலும் இரண்டாயிரம் அடித்தாலும் பிளேட் செலவும் மிஷின் செட் பண்ணும் செலவும் ஒன்றுதான். எண்ணிக்கை கூடினால் அந்தச் செலவு பரவிவிடும், பீஸ் ரேட் இறங்கும். இரண்டாயிரம் போட்டுக்கொள்ளுங்கள் என்றேன். இறங்கிய ரேட்டைப் பார்த்ததும் அவர் கையைத் தட்டி ஒத்துக்கொண்டார்.

அவர் ஊரில் அவருக்குத் தெரிந்தவர்கள் ஆயிரம் வீடுதான். பொங்கல் கழிந்த பிறகு காலண்டரை யார் வாங்குவார்? அடுத்த ஆடிக்கு வந்தபோது சிரித்துக்கொண்டே சொன்னார்:

"வெலைய கொறச்சுக் குடுத்தீகளேம்மா, புண்ணியமாப் போகும். மிச்சமிருந்த காலண்டர்த் தாளு அம்புட்டுலயும் பாவாட மடிச்சுக் குடுத்தேன். ஜாக்கெட்டு வாங்குனவுகளுக்கு முருகர், சேல வாங்குனவுகளுக்கு லட்சுமி."

கோபமே இல்லை அவருக்கு. அந்த வருடமும் பீஸ் ரேட்டைத்தான் கேட்டார். பிரஸ்ஸில் இந்தக் கதையை நான் எத்தனையோ பேரிடம் சொல்லிச் சிரித்திருக்கிறேன்.

மாடி வீடு

நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டை ஓனர் விற்கப்போவதாகச் சொன்னார். என் கணவர் பால்ராஜ் லாரி ஷெட்டில் புக்கிங் பார்க்கிறார். மகள் பிரின்சி நர்சிங் முடித்து விருதுநகரில் வேலைக்குச் சேர்ந்து நாலைந்து மாதம் ஆகியிருந்தது. இனி எதற்கு வாடகை என்று விஸ்வநத்தம் பக்கம் புதிதாகக் கட்டும் வீடுகளைப் போய்ப் பார்த்தோம். ஒரே வரிசையில் மாடி வைத்தது சில, மாடி இல்லாதது சில. மாடி வைத்த வீடு பத்து லட்சம் கூட.

மாடி அறையில் ஜன்னலைத் திறந்துவிட்டு என் கணவர் கண்ணை மூடிக்கொண்டு நின்றார். "இங்கன ஒரு சேரப் போட்டு உக்காந்தா காத்து அள்ளிட்டுப் போகும் ஸ்டெல்லா" என்றார். கீழே இறங்கும்போது ஒரு தரம், பஸ்ஸில் ஒரு தரம், வீட்டுக்கு வந்து ஒரு தரம் அதையே சொன்னார்.

கையில் இருந்தது போக முப்பது லட்சம் கடன் வேண்டும். ஹவுசிங் லோன் கம்பெனியிலிருந்து கார்த்திக் என்ற தம்பி வீட்டுக்கே வந்தார். மரியாதையான பிள்ளை. செருப்பை வெளியே நேராக அடுக்கி வைத்துவிட்டு வந்தார். ஒன்பது சதவீத வட்டி என்றார். எனக்கு நாற்பத்தெட்டு வயது, அறுபது வரைக்கும்தான் டியூ போடுவார்களாம். பன்னிரண்டு வருடம் என்றால் மாதம் முப்பத்துநாலாயிரம் வரும். நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம்.

"எம்புட்டுக் கட்ட முடியும்னு சொல்லுங்கக்கா. அதுக்கு ஏத்தாப்புல போட்டுத் தாரேன்" என்றார் கார்த்திக். "பாப்பா வேலைக்குத்தான போறாக. அவுக பேரையும் சேத்துருவோம். இருபத்திமூணு வயசுதான், முப்பது வருசம் தாராளமாப் போடலாம். டியூ இருபத்திநாலாயிரத்துக்கு வந்துரும்."

மாதம் பத்தாயிரம் குறைகிறது. எனக்கு நெஞ்சிலிருந்து பாரம் இறங்கினாற்போல் இருந்தது. வட்டி ஏறினால் என்ன ஆகும் என்று கேட்டேன். டியூ ஏறாது, மாதக் கணக்குத்தான் கொஞ்சம் நீளும், பயப்பட வேண்டாம் என்றார். அதுவும் நல்ல செய்தியாகவே காதில் விழுந்தது. பிரின்சி புதுச் சம்பளக்காரியின் பெருமையில், "போடுங்கண்ணே, நானும் கட்டுறேன்" என்றாள். நான் கார்த்திக்குக்கு இன்னொரு முறுக்கு வைத்தேன். புதன்கிழமை கையெழுத்து, அன்றைக்கே வீட்டுக்கு அட்வான்ஸ் என்று பேசி முடித்தோம்.

போன்

திங்கட்கிழமை பிரஸ்ஸில் வேலை நெருக்கியது. ஆடி பிறந்திருந்தது. அருப்புக்கோட்டைத் துணிக்கடைக்காரர் போனில் வந்தார். பழைய அனுபவம் எல்லாம் அவருக்கு மறந்துபோயிருந்தது. பீஸ் ரேட் கட்டுபடியாகவில்லை என்று இழுத்தார். நான் வழக்கம்போல ஆரம்பித்தேன்.

"அண்ணே, நீங்க எதுக்கு வெலைய யோசிக்கீக? எண்ணிக்கைய ஏத்துங்க, பீஸ் ரேட்டு தன்னால எறங்..."



"எம்மா, லைன்ல இருக்கீகளா?"

இருந்தேன். ஆனால் என் காதில் கேட்டது கார்த்திக்கின் குரல். மாதத்தை ஏற்று, டியூ தன்னால் இறங்கும். இருபது வருடமாக ஊரில் உள்ள கடைக்காரர்களுக்கெல்லாம் நான் பாடிய பாட்டை என் வீட்டு நடுவில் உட்கார்ந்து ஒரு பிள்ளை எனக்கே பாடியிருக்கிறது. நானும் முறுக்கு வைத்து உபசரித்திருக்கிறேன்.

துணிக்கடைக்காரரிடம் பிறகு கூப்பிடுவதாகச் சொல்லி போனை வைத்தேன். கலர் சேராமல் பிள்ளையாருக்கு இரண்டு தும்பிக்கை விழுந்த வேஸ்ட் தாள் ஒன்று மேஜையில் கிடந்தது. அதன் பின்பக்கம் வீட்டை ஒரு அச்சு ஆர்டர் மாதிரி எழுதிப் பெருக்கினேன்.

முப்பத்துநாலாயிரம் வீதம் பன்னிரண்டு வருடம் கட்டினால் மொத்தம் நாற்பத்தொன்பது லட்சம். இருபத்துநாலாயிரம் வீதம் முப்பது வருடம் கட்டினால் எண்பத்தாறு லட்சத்துக்கு மேல். தப்பாகப் பெருக்கிவிட்டேனோ என்று கால்குலேட்டரை அழித்துவிட்டு மறுபடி போட்டேன். அதேதான். வித்தியாசம் மட்டும் முப்பத்தேழு லட்சம். நான் வாங்கப்போகும் கடனே முப்பது லட்சம்தான்.

துணிக்கடைக்காரருக்காவது பணம் கூடப் போனதற்கு ஆயிரம் காலண்டர் கூடக் கிடைத்தது. பாவாடையாவது மடித்தார். எனக்கு ஒரு செங்கல்கூட அதிகம் வராது. அதே வீடு, அதே ஜன்னல், அதே காற்று.

கார்த்திக்கைக் கூப்பிட்டு, மொத்தம் எவ்வளவு கட்டுவோம் என்றும் முதல் மாத டியூவில் எவ்வளவு அசலுக்குப் போகும் என்றும் கேட்டேன். அவர் மறைக்கவில்லை. மொத்தம் நான் பெருக்கியதுதான் என்றார். இருபத்திரண்டாயிரத்து ஐந்நூறு வட்டிக்கு, மிச்சம் ஆயிரத்து அறுநூறு சொச்சம் அசலுக்கு என்றார். கடனுக்கான இன்ஷூரன்ஸ் பிரீமியம் வேறு இருக்கிறது, அதையும் கடனோடு சேர்த்துவிட்டால் அதற்கும் முப்பது வருடம் வட்டி ஓடும் என்பதையும் கேட்டதும் சொன்னார்.

"இத ஏன் தம்பி அன்னைக்கே சொல்லல?"

"கேட்டா எல்லாம் சொல்லுவோம்க்கா. நான் இந்த வேலைக்கு வந்து மொத்தம் எம்புட்டுன்னு கேட்ட மொத ஆளு நீங்கதான்."

"பெருக்குனாத்தான?" என்று அன்று கேட்ட அண்ணாச்சியின் முகம் எனக்கு ஞாபகம் வந்தது.

பிரின்சி சொன்னது

செவ்வாய்க்கிழமை பிரின்சிக்கு ஓய்வு நாள். பகலில் சாப்பிட்டு முடித்ததும் தும்பிக்கைப் பிள்ளையார் தாளை அவள் முன்னால் வைத்தேன். அவள் லட்சங்களைப் பார்க்கவே இல்லை. வேறொன்றைக் கேட்டாள்.

"எம்மா, முப்பது வருசம்னா முடியும்போது எனக்கு எத்தன வயசு?"

"அம்பத்திமூணு."

"அப்ப இப்ப இருக்குற உன்னவிட நான் அஞ்சு வயசு மூத்தவ." முதலில் சிரித்தாள். எங்கள் இரண்டு பேர் முடியையும் பார்த்து, யாருக்கு முதலில் டை அடிக்கலாம் என்று கேலி பேசினாள். பிறகு தாளைத் திருப்பிக் கொடுத்துவிட்டுச் சாதாரணமாகச் சொன்னாள்:

"ஆனா நாளைக்கு நீ கையெழுத்துப் போடுன்னு சொல்லிருந்தா போட்டிருப்பேம்மா. படிச்சுக்கூடப் பாத்திருக்க மாட்டேன்."

அவள் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். கல்யாணம், குழந்தை, வேறு ஊருக்கு வேலை என்று அவளுக்கு என்னென்ன வரப்போகிறதோ, அத்தனையிலும் மாதாமாதம் முதலில் என் வீட்டு டியூ போன பிறகுதான் மிச்சம் என்று நான் எழுதி வைக்க இருந்தேன். அதுவும் ஒரு மாடி அறைக்காக.

புதன்கிழமை நானும் கணவரும் மாடி இல்லாத வீட்டுக்கு அட்வான்ஸ் கொடுத்தோம். பார்ட்டிக்கு பட்ஜெட் இடித்தால் லேமினேஷன் வேண்டாம், வார்னிஷ் போதும் என்று நாங்கள் சொல்வதில்லையா, அந்த மாதிரி. கடன் இருபது லட்சமாகக் குறைந்தது. என் பெயரும் கணவர் பெயரும் மட்டும். பன்னிரண்டே வருடம். டியூ இருபத்துமூவாயிரத்துக்குள்தான். முப்பது வருடக் கணக்கில் வந்ததைவிடக் குறைவு. எல்லாம் சேர்ந்து முப்பத்துமூன்று லட்சத்தைத் தாண்டாது.

வீடு மாறிய அன்று சாயங்காலம் கணவரைக் காணவில்லை. தேடிப் பார்த்தால் மொட்டை மாடியில் சேர் போட்டு உட்கார்ந்திருக்கிறார்.

"காத்து அள்ளுது ஸ்டெல்லா. இதுக்கா பத்து லட்சம் கேட்டாக?"

காலண்டர் ஆர்டர்

ஐப்பசியில் சீசன் உச்சத்தில் இருந்தபோது கார்த்திக் எங்கள் பிரஸ்ஸுக்கு வந்தார். அவர்கள் கிளைக்கு வருடப் பிறப்புக் காலண்டர் வேண்டுமாம். செருப்பை வெளியே அடுக்கி வைத்துவிட்டு உள்ளே வந்து, என் முன்னால் உட்கார்ந்து, கேட்டார்:

"ஆயிரம் காலண்டர்க்கா. பீஸ் என்ன ரேட்டு வரும்?"

எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அவருக்கும் உடனே புரிந்துவிட்டது. பீஸ் ரேட்டை எழுதி, கீழே மொத்தத் தொகையையும் எழுதி, முதல் நாள் நகைக்கடைக்காரருக்குப் போட்ட மாதிரியே இரண்டு கோடு போட்டு நீட்டினேன். கண்ணாடி அறையில் அண்ணாச்சி நாற்காலியிலிருந்து பாதி எழுந்துவிட்டார்.

கார்த்திக் காபியை முழுக்கக் குடித்தார். "மேனேஜர்கிட்ட எம்புட்டு வேணும்னு மறுபடி கேட்டுக்கிடுறேன்க்கா" என்று போனார். மறுநாள் ஐந்நூறுக்கு ஆர்டர் வந்தது.

"வீடு நீ வாங்குன. நட்டம் எனக்கா?" என்றார் அண்ணாச்சி.

"பாதி ஆர்டர்னாலும் அவுக கையில காலண்டர் மிச்சம் விழாது அண்ணாச்சி. அடுத்த வருசமும் வருவாக."

அண்ணாச்சி முணுமுணுத்தார், ஆனால் தடுக்கவில்லை. அதிலிருந்து என் எஸ்டிமேட் எல்லாவற்றிலும் கடைசி வரியில் மொத்தம் இருக்கிறது. அடுத்த ஆடியில் துணிக்கடைக்காரருக்கும் அப்படித்தான் அனுப்பினேன். அவர் ஆயிரத்து இருநூறோடு நிறுத்திக்கொண்டார். இனி பாவாடை மடிக்க என்ன செய்வது என்று போனில் கேட்டார்.

இந்தத் தீபாவளி போனஸை அப்படியே கொண்டுபோய் அசலில் கட்டினேன். இடையில் கட்டினால் அபராதம் உண்டா என்று முன்பே கேட்டு வைத்திருந்தேன், எங்கள் கடனுக்கு இல்லை என்றார்கள். எத்தனை டியூ குறைந்தது என்றும் கேட்டு வாங்கிக்கொண்டேன். இப்போதெல்லாம் எதையும் கேட்காமல் விடுவதில்லை.

இந்த மேஜைக்கு வருகிற பிள்ளைகளே, நீங்களும் ஒரு நாள் வீடு வாங்குவீர்கள். டியூ எவ்வளவு என்று உங்களிடம் அவர்களே சொல்வார்கள். எத்தனை மாதம் என்று கேட்டு, பெருக்கி, அந்தத் தொகையை வீட்டில் எல்லோர் முன்னாலும் சத்தமாகப் படியுங்கள். கடைசி டியூ கட்டும்போது யாருக்கு என்ன வயது இருக்கும் என்பதையும் பக்கத்தில் எழுதுங்கள். பிரின்சி போன மாதம் தன் பெயரில் ஒரு ஸ்கூட்டி எடுத்தாள். கடை வாசலில் நின்று எனக்கு போன் போட்டு முதலில் சொன்னது நிறத்தை அல்ல, மொத்தத்தை.