படகு பாட்டில்

1960களின் நடுவில், ஓர் ஐப்பசி மாதம். எட்டாம் மாதத்திலேயே பிறந்துவிட்ட என் மகளைக் கடலூர் ஆஸ்பத்திரியில் பல்பு எரியும் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருந்தார்கள். எப்படியோ பிழைத்து என் பக்கத்துக்கு வந்தாள். "எடை ஏறினாத்தான் வீட்டுக்கு" என்று நர்ஸம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். ஆனால் மார்பில் சப்பிக் குடிக்க அவளுக்குத் தெம்பில்லை. பாலைப் பீய்ச்சிச் சங்கில் புகட்டுவேன். பாதி கழுத்தில் வழியும்.

பக்கத்துக் கட்டிலில் ஒரு பரங்கிப்பேட்டை அக்கா. அவர் மகனும் அதே பெட்டியிலிருந்து மீண்டவன்தான். ஆனால் அந்தக் குட்டித் துரைக்குச் சிங்கப்பூர் பாட்டில்! படகு மாதிரி வளைந்த கண்ணாடி, இரண்டு பக்கமும் வாய்; ஒன்றில் ரப்பர் காம்பு, மற்றதில் ரப்பர் மூடி. பிரஷை இந்தப் பக்கம் விட்டால் அந்தப் பக்கம் வரும். பால் ஒட்ட ஒரு மூலை கிடையாது. எவன் யோசித்துச் செய்தானோ! ஒவ்வொரு தடவையும் அதை வெந்நீரில் கொதிக்க வைத்துத்தான் அக்கா பால் ஊற்றுவார். அந்தச் சுத்தத்தைப் பார்த்தால்கூட எனக்கு எரிச்சல் வரும். 'ரொம்பத்தான் பீற்றிக்கொள்கிறாள்' என்று முகத்தைத் திருப்பிக்கொள்வேன்.

ஒருநாள் காலை, மகள் குடித்தது போக டம்ளரில் மிஞ்சிய பாலை வழக்கம்போல் கொட்டப் போனேன். அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"கொட்டாத புள்ள. நீ டெய்லி கொட்டுறதப் பாக்கப் பாக்க எனக்கு வயிறு எரியுது. ஜொரத்துல எனக்குப் பால் வத்திப் போச்சு. டின்னு பாலக் குடுத்தா அவ்வளவையும் கக்கிடறான். எடையே ஏறல."

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. பாட்டிலைப் பார்த்தேனே தவிர, அந்தக் குழந்தை கக்கியதை நான் பார்க்கவே இல்லை. டம்ளரை நீட்டினேன். அவர் உடனே வாங்கவில்லை.

"ஒண்ணு சொல்லிடறேன். எங்க இஸ்லாம் மார்க்கத்துல, பால் குடுத்தா நீயும் அவனுக்குத் தாய்தான். ஒம் மவ அவனுக்குக் கூடப்பொறந்தவ. அது எப்பவும் மாறாது. சம்மதமா?"

"மொதல்ல அவன இப்படிக் குடுங்கக்கா" என்று வாங்கி மடியில் போட்டுக்கொண்டேன். என்ன இழுப்பு இழுத்தான்! என் மகளுக்கு இல்லாத தெம்பு. அப்போதும் பொறாமைதான் வந்தது. அவளுக்கு முந்தி எடை ஏறி வீட்டுக்குப் போனான், அதற்கும் பொறாமைப்பட்டேன்.

பிறகு என் மகளும் தேறினாள். சிதம்பரத்தில் அவள் கல்யாணத்தன்று, கூடப்பிறந்தவனாக நின்று மாப்பிள்ளைக்கு மச்சான் மோதிரம் போட்டவன் அவன்தான். அடுத்தவர் கையில் இருப்பதைப் பார்த்தால் எனக்கு இன்றும் வயிறு எரியத்தான் செய்கிறது; ஆனால் கூடவே, அவர்களிடம் என்ன இல்லையோ என்றும் மனசு தேட ஆரம்பித்துவிடுகிறது.