பதினொரு செக்கன்

கல்முனைக்குடிக் காலிதீனை ஊர் ‘றஷ்யாக் காலிதீன்’ என்றுதான் கூப்பிட்டது. புலமைப்பரிசிலில் மாஸ்கோ போனவர் டொக்டராக வந்திருக்க வேண்டும். மனுஷன் கார்ட்டூன் டைரக்டராக வந்து இறங்கினார். ஆட்டுக்குட்டி ஒன்றை வைத்து ஆறு நிமிடப் படம் எடுக்க அங்கே மூன்று வருஷம் மினக்கெட்டாராம். படம் வெளிவர வேண்டிய மாதத்தில் பார்த்தால் சோவியத் நாட்டையே காணோம். அதிர்ஷ்டம் என்றால் இப்படியல்லவா இருக்க வேண்டும்! ஊரில் கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதினார். நஸீறாவைக் கலியாணம் முடித்தார்.

சுனாமி நஸீறாவைக் கொண்டுபோனது. வீட்டோடு போட்டோக்களும் போயின, ஒன்றுகூட மிஞ்சவில்லை. அடுத்த வருஷம் உதவி நிறுவனமொன்று, கடல் வந்தால் எப்படி ஓடுவதென்று பிள்ளைகளுக்குக் காட்ட ஒரு கார்ட்டூன் கேட்டது. காலிதீன் ஒப்புக்கொண்டது பிள்ளைகளுக்காக மட்டுமில்லை. படத்தில் பதினொரு செக்கன் நஸீறா உடுப்புக் காயப்போட வேண்டும். நினைவிலிருந்து நூற்று முப்பத்திரண்டு தாளில் அவளைக் கீறினார். அந்த முகம் உலகத்தில் வேறெங்கும் இல்லை.

சண்டை மறுபடி தொடங்க, படத்துக்கென்று கொழும்பிலிருந்து வந்த தாள்கட்டுகளைச் சோதனைச் சாவடிக்குச் சாவடி ஆமிக்காரர் அவிழ்த்துக் கொட்டினார்கள். படம் முடிந்தபோது சண்டையும் முடிந்திருந்தது.

பிறகு படத்தைப் பார்த்துச் சரிசொல்ல ஒரு குழு. இந்த விஷயத்தில் காலிதீன் பழம் தின்று கொட்டை போட்டவர். மாஸ்கோ ஸ்டூடியோவில் ஒரு தந்திரம் இருந்தது: தேவையில்லாத நாய் ஒன்றைப் படத்தில் விடுவது. அதிகாரிகள் நாயோடு மல்லுக்கட்டி, அதை வெட்டிய சந்தோஷத்தில் மற்றதையெல்லாம் விட்டுவிடுவார்கள். காலிதீன் நாயை வீட்டுக்குள்ளேயே விட்டார். முஸ்லிம் வீட்டுக்குள் நாய் என்றால், குழுவிலிருந்த பள்ளிவாசல் நிர்வாகத்து ஹமீட் ஹாஜியார் சும்மா விடுவாரா?

விட்டார். “நாய் கிடக்கட்டும். கடல் வந்த அண்டைக்கு எங்கட ஒழுங்கையில நாய் ஓடினதப் பார்த்துத்தான் நானும் ஓடினன்,” என்றார். குழுவிலிருந்த கல்விக் கந்தோர் அதிகாரிக்கும் நாயைப் பிடித்துப்போயிற்று. அவருடைய கண் போய் நஸீறாவில் விழுந்தது. கடல் வரும்போது ஓடாமல் உடுப்புக் காயப்போடுகிற பொம்பிளை, பிள்ளைகளுக்குக் கூடாத முன்மாதிரியாம். அவளை எடுத்துவிடட்டுமாம்.

நியாயம்தானே, அவள் ஓடவில்லைதான். என்ட பொஞ்சாதி என்று சொல்ல வாய்வரை வந்தது. அழுதுவிடுவோமோ என்ற பயத்தில் “ஓம் சேர்” என்றார், பாவி மனுஷன்.

சொன்னதை அப்படியே செய்தார். கண்ணாடி மாதிரியான தாள்களை ஒன்றின்மேல் ஒன்று வைத்துப் படம் பிடிக்கிற வேலை அது. நஸீறாவின் தாள்களை மட்டும் உருவிவிட்டுத் திரும்பப் பிடித்தார். உடுப்புகள் வேறு தாள்களில் இருந்தன. அவற்றை எடுக்கும்படி ஒருவரும் சொல்லவில்லை.

பாடசாலை மண்டபத்தில் படம் ஓடியது. நாயைப் பார்த்துப் பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பிறகு கூடையிலிருந்து சட்டையொன்று தானாக எழும்பி, தன்னை உதறிக்கொண்டு கொடியில் ஏறியது. அடுத்து ஒரு சாறன். அடுத்து ஒரு முக்காட்டுத் துணி. சிரித்த பிள்ளைகள் கொடியையே பார்த்தார்கள். காலிதீன் தலையைக் குனிந்துகொண்டார்.

படம் முடிய, அறிமுகமில்லாத பொம்பிளை ஒருவர் அவரிடம் வந்தா.

“உடுப்புக் காயப்போட்டது ஆரு, காக்கா?”

“நஸீறா. என்ட பொஞ்சாதி.” ஐந்து வருஷத்தில் அந்தப் பெயரை அவர் வாய்விட்டுச் சொன்னது அன்றைக்குத்தான்.

“நான் என்ட மகளெண்டு நினைச்சிட்டன்,” என்றா.