அபினா குரல் அனுப்புவதில்லை

அபினாவுக்கு வாட்ஸ்அப்பில் எவ்வளவு நீளமாகப் பேசி அனுப்பினாலும் பதிலுக்கு ‘சரி’ என்று ஒற்றைச் சொல்தான் எழுத்தில் வரும். நர்சிங் விடுதியில் அவளைத் தலைக்கனம் பிடித்தவள் என்கிறார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும். பதினாறு வயதில் அவள் பட்டதை அவர்கள் படவில்லை.

மண்டைக்காட்டுக்குப் பக்கத்துக் கடற்கரை ஊர் அவளுக்கு. அப்பா சிலுவைக்கு மஸ்கட்டில் மீன்பிடிப் படகில் வேலை. 2016-இல் ஒருநாள், தனக்கு அங்கே வேறு குடும்பம் இருக்கிறது, இனிக் கூப்பிட வேண்டாம் என்று அவரே போனில் சொல்லிவிட்டார். அம்மா குளோரி அதை மகளிடம் மட்டும் சொன்னாள். வெளியே மூச்சு விடக்கூடாது என்றும் சொன்னாள்.

அபினாவுக்கு அது தாங்கவில்லை. ஒன்றாம் வகுப்பிலிருந்து ஒரே பெஞ்சில் இருந்த அஜிஷாவுக்கு அழுதழுது பேசி அனுப்பினாள். முடிவில், அம்மாவுக்காக ஜெபி என்று கேட்டுக்கொண்டாள். அதுதான் வினையாய்ப் போனது.

அந்த வாரம்தான் தேவாலயத் திருவிழாப் பூசையில் தனியாகப் பாட அபினாவைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். அஜிஷாவும் அதற்கு ஆசைப்பட்டவள். வாழ்த்துச் சொல்லிப் பூப்படம் அனுப்பியவள், மறுநாளே அந்தக் குரலை அப்படியே பாடகர் குழுப் பெண்களின் வாட்ஸ்அப்பில் போட்டாள். கீழே, ‘அபினா குடும்பத்துக்காக எல்லாரும் ஜெபியுங்க’. கூப்பிய கைப் படங்கள் வந்து குவிந்தன. ஒருத்திகூட முட்டி போட்டிருக்க மாட்டாள். அடுத்த குழுவுக்கு அனுப்ப மட்டும் எல்லோருக்கும் நேரம் இருந்தது.

அபினா ஓடிப்போய்க் கேட்டாள். அஜிஷா கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை.

“நீதானே ஏட்டி ஜெபிக்கச் சொன்ன? ஒருத்தி ஜெபிக்கதும் ஊரு ஜெபிக்கதும் ஒண்ணா?”

அனுப்பியதை எல்லோரிடமிருந்தும் அழிக்கும் வசதி அப்போது வரவில்லை. அபினா பாட்டுப் பயிற்சிக்குப் போவதை நிறுத்தினாள். அந்தப் பாட்டு அஜிஷாவுக்குப் போனது. போகட்டும், அம்மாவுக்குத் தெரியாமல் இருந்தால் போதும் என்று நினைத்தாள். குளோரியிடம் இருந்தது பட்டன் போன்.

ஆனால் அந்த ஞாயிறு அன்பியக் கூட்டம் அவர்கள் வீட்டில். தெருக்காரர்கள் வாரம் ஒரு வீட்டில் கூடி ஜெபமாலை சொல்வார்கள். பிறகு ஒவ்வொருவராக மன்றாட்டைச் சத்தமாகச் சொல்ல, மற்றவர்கள் பதில் சொல்வார்கள். குளோரி சுண்டல் அவித்து, பாய் விரித்து வைத்திருந்தாள். அஜிஷா தன் அம்மாவோடு வந்து அபினாவின் தோளை உரசி உட்கார்ந்தாள். முறை வந்ததும் கண்ணை மூடிக்கொண்டாள்.

“வெளிநாட்டுல குடும்பத்த மறந்துபோன சிலுவை மாமாவ நீரே திருப்பிக் கொண்டுவாரும், ஆண்டவரே.”

பெண்களுக்கு அது புதுச் செய்தியாக இல்லை. பதில் தடுமாறாமல் வந்தது. குளோரி மட்டும் கண்ணைத் திறந்தாள். அந்தப் பார்வை நேரே மகளிடம் வந்தது.

எல்லோருக்கும் சுண்டல் கொடுத்து அனுப்பிவிட்டுப் பாயைச் சுருட்டும்போதுதான் வாய் திறந்தாள்.

“ஒனக்கிட்ட மட்டுந்தானே மக்கா சொன்னேன்.”

அஜிஷா செய்த துரோகத்தையெல்லாம் சொல்லி அழத்தான் அபினா நினைத்தாள். பாயின் மறுமுனையைப் பிடிக்கப் போனாள். குளோரி அதைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.